தன் வீட்டுக் கதவைத் தட்டிய தாஹிர்

அங்கே இருந்தவர்கள்:

தாஹிர், வயது அறுபத்தொன்று. முப்பத்திரண்டு வருஷம் கழித்து ஸ்வீடனிலிருந்து எங்கள் குர்து ஊருக்குத் திரும்பியவர். வீட்டின் சொந்தக்காரர்.

ரசூல், வயது அறுபத்தெட்டு. அதே முப்பத்திரண்டு வருஷமாக அந்த வீட்டில் குடியிருப்பவர்.

பெரிகான், ரசூலின் மனைவி. இந்தக் கதையில் யாருக்காவது மூளை இருக்கிறது என்றால் இவருக்குத்தான்.

சத்தார், எங்கள் தெருவின் முக்தார். காகிதத்தில் முத்திரை குத்துவது அவர் வேலை. சோறு எங்கே வேகிறதோ அங்கே அவருக்கு அவசர வேலை இருக்கும்.

ஒரு வான்கோழி, இரண்டாம் நாள் காலை வரை.

நான். கரண்ட் போனால் தெரு ஜெனரேட்டரை ஓட்டுகிறவன். பக்கத்து வீடு.

1.

இந்தக் கதை வான்கோழி வாசனையில் தொடங்கியது. மற்றவர்களுக்குக் கதை எப்படி வருகிறதோ தெரியாது. ஒரு முகம், ஒரு பாட்டு, பழைய கடிதம் என்று ஏதேதோ சொல்லிக்கொள்கிறார்கள். நான் ராத்திரி முழுக்க ஜெனரேட்டர் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டு வந்து படுத்தேன். பக்கத்து வீட்டில் வான்கோழி வெந்துகொண்டிருந்தது. எழுந்து போனேன். அழைத்தார்களா என்று கேட்காதீர்கள். சுவர் ஏறிக் குதிக்கவில்லை, வாசல் வழியாகத்தான் போனேன், அது போதும்.

ஆகவே முதல் நாள் நடந்ததை நான் பார்க்கவில்லை. நான்கு பேர் நான்கு விதமாகச் சொன்னார்கள். எனக்குப் பிடித்ததை எழுதுகிறேன். பிடிக்காதவர்கள் சத்தாரிடம் போய்க் கேட்கலாம். அவர் கதையில் சத்தார் இன்னும் அதிகமாக வருவார்.

2.

முதல் தொடக்கம்: முப்பத்திரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு அந்த மலைகள் அவரை அடையாளம் கண்டுகொண்டு

(அடித்துவிட்டேன். மலைக்கு ஆள் அடையாளம் தெரியாது. மலையைப் பார்த்தபடிதான் நாங்கள் எல்லோரும் வளர்ந்தோம். அது ஒரு தடவைகூட எங்களைத் திரும்பிப் பார்த்ததில்லை.)

இரண்டாம் தொடக்கம்: டாக்ஸி நின்றது. ஊர் எல்லையில் தாஹிர் இறங்கினார். மண்டியிட்டார். குனிந்து, தாய்மண்ணை

(இது பாதி உண்மை. மண்டியிட்டது நிஜம். சுலைமானியா நகரத்திலிருந்து வரும் வழியில் தூக்கான் ஏரிப் பக்கம் இருக்கிற வளைவுகளைப் பழகாத வயிறு தாங்காது. தாஹிர் முத்தமிடக் குனியவில்லை, வாந்தி எடுக்கக் குனிந்தார். டாக்ஸிக்காரன் தண்ணீர் பாட்டிலை நீட்டியபடி, "அண்ணே, இத்தனை வருஷமா நாட்டுக்கு ஒண்ணும் குடுக்கலன்னு இப்ப மொத்தமா குடுக்குறீங்களா?" என்று கேட்டானாம்.)

மூன்றாம் தொடக்கம்: தாஹிரின் பையில் ஒரு சாவி இருந்தது.

இதை அடிக்க நினைத்தேன். முடியவில்லை.

3.

நாட்டை விட்டு ஓடியவன் கதை என்றால் அதில் சாவி ஒன்று இருந்தே தீரும். எனக்கு அது பிடிக்காது. ஒரு வரைவில் சாவியை எடுத்துவிட்டு அங்கே சீப்பை வைத்துப் பார்த்தேன். எட்டாம் பகுதி வரை நன்றாகத்தான் போயிற்று. எட்டாம் பகுதியில் ஒரு கதவைப் பூட்ட வேண்டியிருந்தது. சீப்பால் முடியவில்லை. ஆகவே சாவியே இருக்கட்டும்.

தொண்ணூற்றொன்றின் வசந்தத்தில் ராணுவம் வருகிறது என்று ஊரே எல்லையைப் பார்த்து ஓடியபோது, தாஹிரின் அப்பா ஹாஜி நூரி வண்டியில் ஏறிவிட்டார். தாஹிர்தான் கடைசியாக வெளியே வந்தவர். ஆணியில் தொங்கிய சாவியை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டார். பிறகு ஈரான், துருக்கி, அங்கிருந்து ஸ்வீடன். அந்தச் சாவியைக் கண்ணாடிச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டியிருந்தார்.* வருகிறவர்கள் எல்லோரும் அதன் முன்னால் கொஞ்ச நேரம் பேசாமல் நின்றுவிட்டுத்தான் காபி குடிப்பார்களாம்.

(* உள்ளூர்ப் பத்திரிகையில் சாவியோடு படம்கூட வந்தது. "என் வீடு எனக்காகக் காத்திருக்கிறது" என்று தலைப்பு. இதை நினைவில் வையுங்கள். பிறகு சிரிக்க உதவும்.)

இப்போது அவர் அங்கே இருந்த வாடகை வீட்டை ஒப்படைத்துவிட்டு வந்திருக்கிறார். மனைவி இறந்துவிட்டார். மகள் வேறு ஊரில் வேறு மொழியில் இருக்கிறாள். போவதற்கு இன்னொரு இடம் கிடையாது. கதையில் சிரிப்பு வருகிற இடங்களிலும் இது அப்படியேதான் இருக்கும் என்பதை மறக்க வேண்டாம். நான் மறந்தால் நீங்கள் ஞாபகப்படுத்துங்கள்.

சரி. தாஹிர் வாசலுக்கு வந்தார். பழைய மரக்கதவு இல்லை. பச்சை வண்ணம் அடித்த இரும்புக் கதவு. சாவியை வைத்துப் பார்த்தார். யானை வாயில் குச்சி மிட்டாய் வைத்த மாதிரி இருந்தது. ஒரு கையில் பயன்படாத சாவி, இன்னொரு கையில் சுலைமானியாவில் வாங்கிய இனிப்புப் பெட்டி. யார் இருக்கிறார்களோ, வெறுங்கையோடு போகக் கூடாதே என்று வாங்கியது.

இங்கேதான் அவர் தப்பு செய்தார். வேறு நாட்டுக்காரன் யாரும் இந்தத் தப்பைச் செய்திருக்க மாட்டான். ஸ்வீடன்காரன் வக்கீலைக் கூட்டி வந்திருப்பான். தாஹிர் கதவைத் தட்டினார்.

"யாரு?" என்றது உள்ளேயிருந்து ஒரு குரல்.

முன்பின் தெரியாத கதவைத் தட்டினால் நாங்கள் என்ன சொல்வோமோ அதையே தாஹிரின் வாய் தானாகச் சொன்னது.

"விருந்தாளி."

முடிந்தது.

4.

முடிந்தது என்று ஏன் சொன்னேன் என்றால், விருந்தாளியிடம் மூன்று நாள் வரை வந்த காரியம் என்ன என்று கேட்கக் கூடாது. இது எங்கள் வழக்கம். கேட்டால் அந்தக் குடும்பத்துக்கே அசிங்கம். கேட்காத கேள்விக்கு விருந்தாளியும் பதில் சொல்ல முடியாது. அவர் சாப்பிடலாம். அது மட்டும்தான் அவர் செய்யக்கூடிய காரியம்.

கதவைத் திறந்த ரசூல், "வாங்க வாங்க, என் கண்ணுமேல வாங்க, தலைமேல வாங்க" என்றார். பெயர் கேட்டார். யார் மகன் என்று கேட்டார். அதைக் கேட்கலாம்.

"ஹாஜி நூரி மகன்."

ரசூலின் முகத்தில் என்ன ஓடியது என்று நான்கு பேரும் நான்கு விதமாகச் சொல்கிறார்கள். எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: எங்கள் தெருவில் அந்த வீட்டுக்கு இன்றைக்கும் ஹாஜி நூரி வீடு என்றுதான் பெயர். ரசூலே தன் விலாசத்தை அப்படித்தான் சொல்லுவார். முப்பத்திரண்டு வருஷமாக ஒருவர் பெயரை விலாசமாகச் சொல்லிக்கொண்டிருந்தவர் முன்னால் அந்தப் பெயரின் மகன் இனிப்புப் பெட்டியோடு நிற்கிறார்.

"உள்ள வாங்க காக்" என்றார் ரசூல். எங்களில் மரியாதைக்கு 'காக்' போட்டுத்தான் கூப்பிடுவோம். ரசூலின் வாயில் அந்தக் காக் கொஞ்சம் நடுங்கியது என்று பெரிகான் சொன்னார். "நான் அடுப்படியில இருந்தேன். சத்தத்துலயே தெரிஞ்சுபோச்சு, வீட்டுக்காரன் வந்துட்டான்னு."

நான் இரண்டாம் நாள் உள்ளே போனபோது தாஹிர் மெத்தையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். ரசூலின் தொளதொளக் கால்சட்டையைப் போட்டிருந்தார். விருந்தாளிக்கு வீட்டுடுப்பு கொடுப்பது வழக்கம். ரசூலுக்கு இடுப்பு பெரியது. அந்தக் கால்சட்டைக்குள் இன்னொரு தாஹிருக்கு இடம் இருந்தது. அவருடைய சொந்தக் கால்சட்டையைப் பெரிகான் துவைத்துக் கொடியில் போட்டிருந்தார்.

"அண்ணி, என் ஷூ எங்க?" என்று கேட்டார் தாஹிர்.

"பத்திரமா இருக்கு."

"பத்திரமான்னா?"

"ஒளிச்சு வச்சிருக்கேன். இல்லன்னா கிளம்பிருவீங்களே."

"எப்ப தருவீங்க?"

"கிளம்பும்போது."

"எப்ப கிளம்பறது?"

"அதை விருந்தாளிகிட்ட நாங்க கேக்கக் கூடாதே காக்."

தாஹிர் என்னைப் பார்த்தார். நான் வான்கோழியைப் பார்த்தேன். முழு ஆளையும் சோற்றுக்கு நடுவில் படுக்க வைத்திருந்தார்கள். முக்தார் சத்தார் ஏற்கெனவே ஒரு காலை எடுத்துக்கொண்டிருந்தார்.

"காக் ரசூல்" என்று தாஹிர் தொண்டையைச் செருமினார். "நான் வந்தது என்னன்னா..."

"ரெண்டு நாள்தானே ஆச்சு" என்றார் ரசூல். உடனே நெஞ்சுப் பக்கத்துக் கறியைப் பிய்த்து அவர் தட்டில் வைத்தார். "முதல்ல தின்னுங்க. எலும்பும் தோலுமா வந்திருக்கீங்க. அங்க என்னதான் போடுறாங்க?"

"உருளைக்கிழங்கு."

"முப்பத்திரண்டு வருஷமாவா?" என்றார் சத்தார், வாயில் காலோடு. "யா அல்லா. இங்கயே இருந்து செத்திருக்கலாம்."

இப்படியாக அந்த வீட்டின் சொந்தக்காரர் அந்த வீட்டில் தண்ணீர்கூடத் தானாக எடுத்துக் குடிக்க முடியாமல் இரண்டு நாள் உட்கார்ந்திருந்தார். தேநீரைத் தானே ஊற்றிக்கொள்ளப் போனால் மூன்று பேர் எழுந்து கெண்டியைப் பிடுங்கினார்கள். அத்திமரத்தடியில் போய் நின்றால் நாற்காலி கொண்டுவந்து போட்டார்கள். அந்த மரத்தை நட்டதே அவர்தான்.

(முந்தைய வரி உண்மையில்லை. மரத்தை நட்டது ரசூல். தாஹிர் நட்டதாக இருந்தால் உங்களுக்கு இன்னும் கொஞ்சம் வலிக்குமே என்று எழுதிவிட்டேன். அடித்தால் பத்தியின் முடிவு சப்பென்று போகிறது. இருக்கட்டும். ஆனால் நம்பாதீர்கள்.)

5.

ரசூலைப் பற்றி எனக்குச் சந்தேகம் வந்தது. ஆள் நல்லவர் போலத் தெரிந்தார். கதைக்கு அது சரிப்படாது. ஒருவர் வீட்டில் இன்னொருவர் இருந்தால் இருவரில் ஒருவர் கெட்டவராக இருக்க வேண்டும். ஆகவே ஒரு வரைவில் ரசூலுக்குத் தங்கப்பல் வைத்தேன். கண்ணைச் சுருக்கிப் பார்க்க வைத்தேன். ஒரு இடத்தில் பூனையை உதைக்க வைத்தேன்.

மூன்றாம் நாள் விடிந்ததும், நான் ஜெனரேட்டரை நிறுத்திக்கொண்டிருந்தபோது, அவரே ஒரு தட்டில் ரொட்டியும் தயிரும் கொண்டுவந்து வைத்தார்.

"நீ ஏதோ எழுதுறியாமே."

"யார் சொன்னது?"

"சத்தார். அவன் பேரை நிறைய எழுதச் சொன்னானாம். என்னைப் பத்தி என்ன எழுதியிருக்க?"

"தங்கப்பல் இருக்குன்னு."

ரசூல் வாயைத் திறந்து காட்டினார். இருக்கிற பற்களே கொஞ்சம். அதில் எதுவும் தங்கம் இல்லை.

"பூனையை உதைச்சீங்கன்னும்."

"பூனையா? எதுக்குடா உதைக்கணும்? பெரிகான் என்னை உதைப்பா." எண்ணெய் பீப்பாய்மேல் உட்கார்ந்தார். "நான் ஒண்ணும் அவன் வீட்டைப் பிடுங்கலடா. எங்க ஊரை எண்பத்தெட்டுல ராணுவத்துக்காரன் இடிச்சுத் தள்ளிட்டுப் போயிட்டான். கல்லுமேல கல்லு இல்ல. கூடாரத்துல மூணு வருஷம். அப்புறம் இங்க வந்தா, கதவைத் திறந்து போட்டபடி ஒரு வீடு. அடுப்புல பானைகூட அப்படியே இருந்துச்சு, பயறு வச்சிருந்தாங்க. நாளைக்கு வருவாங்க, நாளன்னைக்கு வருவாங்கன்னு ஒரு வருஷம் அந்தப் பானையை நாங்க தொடவே இல்ல."

"அப்புறம்?"

"அப்புறம் பானை நாறுச்சு. எடுத்துக் கொட்டினேன். கூரை ஒழுகுச்சு. போட்டேன். அஞ்சு பிள்ளைங்களும் அங்கதான் பொறந்தாங்க. இப்ப இவன் வந்து நிக்கிறான். நல்லவனா வேற இருக்கான். கெட்டவனா வந்திருந்தா நாலு திட்டு திட்டி அனுப்பியிருக்கலாம்."

"கேட்டா குடுத்துருவீங்களா?"

"அவன் இன்னும் கேக்கலையே."

"கேக்க விட்டாத்தானே."

ரசூல் எழுந்தார். "தயிரைத் தின்னு. பல்லை எடுத்துரு. பூனையையும்."

எடுத்துவிட்டேன். ஒரு ரொட்டிக்கும் தயிருக்கும் என் எழுத்தை விற்றுவிட்டேன் என்று நீங்கள் நினைக்கலாம். நினையுங்கள். தயிர் நன்றாக இருந்தது.

6.

(இங்கே தாஹிருக்கு ஒரு கனவு வந்தது. நீளமான கனவு. குதிரை எல்லாம் இருந்தது. எடுத்துவிட்டேன். காலையில் கேட்டேன், அஜீரணத்தால் தூக்கமே வரவில்லை என்றார்.)

7.

மூன்றாம் நாள் சாயங்காலத்தோடு கெடு முடிகிறது. அதற்குப் பிறகு, "சொல்லுங்க காக், என்ன விஷயம்?" என்று ரசூல் கேட்டே ஆக வேண்டும். தாஹிர் காலையிலேயே குளித்துத் தலைசீவித் தயாராக இருந்தார். சொல்ல வேண்டியதை மனப்பாடம் செய்துகொண்டிருந்தார். அத்திமரத்தடியில் உதடு அசைவதைப் பார்த்தேன்.

மதியம் சத்தார் வந்தார். "இன்னைக்கு எங்க வீட்டுல சாப்பாடு. யாப்ராக் பண்ணியிருக்கோம். வரலைன்னா நான் இந்தத் தெருவுல தலைநிமிர்ந்து நடக்க முடியாது" என்றார்.

திராட்சை இலையில் சோற்றைச் சுற்றி வேகவைத்த யாப்ராக்கை வேண்டாம் என்று சொல்லும் குர்து இன்னும் பிறக்கவில்லை. பெரிகான் ஷூவை எடுத்துக் கொடுத்தார். எல்லோரும் போனோம். நாலு மணிவரை தின்றோம். திரும்பி வந்தோம். பச்சை இரும்புக் கதவின் முன்னால் ரசூல் நின்றார், கையை நெஞ்சில் வைத்துக் குனிந்தார்.

"வாங்க வாங்க, என் கண்ணுமேல வாங்க."

தாஹிர் நின்றுவிட்டார். "காக் ரசூல், மூணு நாள் முடிஞ்சுது."

"எங்க முடிஞ்சுது? நீங்க சத்தார் வீட்டுலருந்து இப்பத்தானே வர்றீங்க. புதுசா வந்த விருந்தாளி. இன்னைக்கு முதல் நாள்."

தாஹிர் முக்தாரைப் பார்த்தார். முக்தார் வானத்தைப் பார்த்தார். "சட்டப்படி பாத்தா..." என்று ஆரம்பித்து ஏப்பம் விட்டு நிறுத்திக்கொண்டார்.

அதோடு பெரிகான் மறுபடி ஷூவைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்.

இந்த இடத்தில் ஒரு முடிவு வைத்திருந்தேன். இல்லை, மூன்று.

முடிவு அ: ரசூல் கண்ணீர்விட்டு, சாவிக்கொத்தைத் தாஹிரின் காலடியில் வைக்கிறார். (வைக்கவில்லை. ரசூலுக்குக் குனிந்தால் இடுப்பு பிடிக்கும்.)

முடிவு ஆ: வீட்டுக்கு நடுவில் சுவர் எழுப்பி ஆளுக்குப் பாதி. இதைச் சொன்னது சத்தார், வேறு யாருடைய வீட்டையோ சொல்வது போல. உடனே ரசூலும் தாஹிரும் ஒரே நேரத்தில், "கக்கூஸ் யார் பக்கம்?" என்று கேட்டார்கள். மூன்று நாளில் இருவரும் ஒத்துப்போனது அந்த ஒரு கேள்வியில்தான். முற்றத்து மூலையில் இருக்கிற ஒரே கழிப்பறை அது. பதில் இல்லாததால் சுவர் எழும்பவில்லை.

முடிவு இ: தாஹிர் ஸ்வீடனுக்கே திரும்பிப் போகிறார், விமானத்தின் சன்னல் வழியாகக் கீழே

(போகவில்லை. போக இடமில்லை என்று முன்பே சொன்னேன். நீங்கள் ஞாபகப்படுத்துவீர்கள் என்று நம்பினேன்.)

அன்று தாஹிர் என்னிடம் சொன்னது இது. சாயங்காலம், வாசற்படியில்: "அங்க வீட்டைக் காலி பண்ணும்போது ஒரு பொண்ணு வந்தா. சாவியெல்லாம் வாங்கிக்கிட்டா. எல்லாம் சரியா இருக்கு, நன்றின்னா. ரெண்டு நிமிஷம். ஒரு வாய் தண்ணிகூடக் குடிக்கல. அவகிட்ட எதை வேணாலும் கேட்டிருக்கலாம், பதில் சொல்லியிருப்பா. இங்க நாலு வேளை சோறு போடுறாங்க, ஒரு வார்த்தை பேச விட மாட்டேங்கிறாங்க."

"ரெண்டுல எது பரவாயில்ல?" என்று கேட்டேன்.

யோசித்தார். "சோறு நல்லாயிருக்கு" என்றார்.

8.

நான்காம் நாள், அதாவது ரசூல் கணக்கில் இரண்டாம் நாள், காலைச் சாப்பாட்டு விரிப்பைப் பெரிகான் போடவில்லை.

நான் ஏன் அங்கே இருந்தேன் என்றால், பகலில் ஜெனரேட்டர் பார்க்கிறவன் கல்யாணத்துக்குப் போய்விட்டான். கரண்ட் எப்போது போகுமோ என்று நான் விழித்திருக்க வேண்டும். விழித்திருப்பதை அங்கே விழித்திருக்கலாம் என்று போனேன். சத்தாரும் இருந்தார். காரணம் சொல்லத் தேவையில்லை.

"சாப்பாடு இல்லையா?" என்றார் சத்தார்.

"இல்ல" என்றார் பெரிகான். இடுப்பில் கைவைத்து நடுவில் நின்றார். "மூணு நாளா ஆக்கிப் போட்டுட்டேன். இன்னொரு மூணு நாள் என்னால முடியாது. வீடு போனா போகட்டும், இருந்தா இருக்கட்டும். ரெண்டு பேர்ல யாராவது வாயைத் திறங்க."

இரண்டு பேரும் தரையைப் பார்த்தார்கள். இருவரும் நல்ல குடும்பத்தில் பிறந்தவர்கள். அதுதான் பிரச்சினை.

பெரிகான் சட்டைப்பையிலிருந்து எதையோ எடுத்துத் தாஹிர் மடியில் போட்டார். சாவி. "உங்க கால்சட்டையைத் துவைக்கும்போது எடுத்து வச்சேன். இதை முன்வாசல்ல போட்டுப் பாத்தீங்களாக்கும்."

"ஆமா அண்ணி. கதவு மாறிப்போச்சே."

"மாறலைன்னாலும் சேராது. இது அந்தக் கதவோடது இல்ல. இந்த வீட்டுல எல்லாக் கதவையும் இந்த மனுஷன் மாத்திட்டார், ஒண்ணைத் தவிர. அந்தப் பூட்டை நான் முப்பத்திரண்டு வருஷமா பாக்குறேன். அதுக்குச் சாவி கிடையாது. போறவங்க இருமிக்கிட்டே உட்காரணும். போய்ப் பாருங்க."

தாஹிருக்குப் புரிய நேரமாயிற்று. பிறகு அவர் முகத்தில் ரத்தம் ஏறியது. ஹாஜி நூரி காலத்தில் பக்கத்து வீட்டுக்காரர்கள் சுவர் ஏறி வந்து அந்தக் கழிப்பறையைப் பயன்படுத்துவார்கள் என்று அதைப் பூட்டி வைப்பாராம். பக்கத்து வீடு என்றால் என் தாத்தா குடும்பம். அதை நான் இங்கே நீட்ட விரும்பவில்லை. அந்தச் சாவிதான் ஆணியில் தொங்கியது. அதுதான் ஸ்வீடனில் சட்டத்துக்குள் தொங்கியது. அதன் முன்னால்தான் எல்லோரும் பேசாமல் நின்றார்கள்.

சத்தார்தான் முதலில் சிரித்தார். தேநீர் மூக்கில் ஏறியது. ரசூல் சிரிக்கக் கூடாது என்று மீசையைக் கடித்துக்கொண்டார். விருந்தாளியைப் பார்த்துச் சிரிக்கக் கூடாது.

தாஹிர் எழுந்தார். கால்சட்டையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு முற்றத்தைக் கடந்தார். நாங்கள் பின்னாலேயே போனோம். கழிப்பறைக்குள் போனார். விருந்தாளியின் பின்னால் வீட்டுக்காரன் போகாத ஒரே இடம் அதுதான். கதவு மூடியது. உள்ளே சாவி நுழைகிற சத்தம் கேட்டது. ஒரு முனகல். பிறகு கர்ர்ர் என்று திரும்பியது. முப்பத்திரண்டு வருஷத் துரு.

ரசூல் கதவருகே வந்து நின்றார்.

பிறகு உள்ளேயிருந்து, "காக் ரசூல்" என்றது தாஹிரின் குரல். முகம் தெரியாததால் அந்தக் குரல் வேறு மாதிரி இருந்தது. "இது என் வீடு."

ரசூல் கதவைப் பார்த்தார். அவருக்கும் இப்போது முகம் பார்க்க வேண்டியதில்லை. "தெரியும்" என்றார்.

"எனக்குப் போறதுக்கு வேற இடம் இல்ல."

"எனக்கு மட்டும் இருக்கா? என் ஊர் இருந்த இடத்துல ஆடு மேயுது."

"நான் உங்களைப் போகச் சொல்லல."

"அப்ப என்னதான் சொல்றீங்க?"

"அதை யோசிக்கத்தான் உள்ள வந்தேன்."

"சீக்கிரம் யோசிங்க."

"ஏன்?"

ரசூல் ஒரு காலை மாற்றி நின்றார். அவருக்குச் சர்க்கரை வியாதி. காலையிலிருந்து ஏழு கோப்பை தேநீர். "ஏன்னா எனக்கு வருது" என்றார்.

பெரிகான் முந்தானையால்... இல்லை, அவர் தலைக்குட்டை கட்டியிருந்தார், அதன் நுனியால் வாயைப் பொத்திக்கொண்டார். சத்தார், "முத்திரை வேணும்னா வீட்டுல இருக்கு, எடுத்துட்டு வரட்டுமா?" என்றார்.

ரசூல் கையைத் தூக்கினார். கதவைத் தட்டினார்.

உள்ளேயிருந்து தாஹிர் கேட்டார்:

"யாரு?"

9.

இதை முடிக்க வேண்டியவன் நான். ஆனால் பாருங்கள், ரசூல் வாயைத் திறந்த அதே நேரம் கரண்ட் போய்விட்டது. தெரு முழுக்க ஃபிரிட்ஜ்கள் செத்தன. யாரோ என் பெயரைச் சொல்லித் திட்ட ஆரம்பித்தார்கள். நான் ஓடினேன். சாவி போட்டேன். ஜெனரேட்டர் கத்தியது. அது கத்தினால் எங்கள் தெருவில் யார் என்ன சொன்னாலும் கேட்காது. இது சாக்கு இல்லை. வந்து கேட்டுப் பாருங்கள்.

"வீட்டுக்காரன்" என்று ரசூல் சொல்லியிருக்கலாம். அப்படிச் சொன்னால் தாஹிர் திறந்திருக்க மாட்டார் என்று நான் நினைக்கிறேன். "விருந்தாளி" என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் அன்றிலிருந்து மூன்று நாள் அவரை யாரும் எதுவும் கேட்க முடியாது, ஆனால் அந்த மூன்று நாளும் வீடு யாருடையது என்பது முடிந்துபோன விஷயம். அல்லது வெறுமனே "நான்தான்" என்று சொல்லியிருக்கலாம். சர்க்கரை வியாதிக்காரர்கள் நீளமாகப் பேச மாட்டார்கள். சத்தாரைக் கேட்டேன். அவர் ரசூல் சொன்னதாக ஒரு சொற்பொழிவே சொன்னார், அதில் முக்தாரின் சேவைக்கு நன்றியும் இருந்தது. பெரிகானைக் கேட்டேன். "உனக்கெதுக்கு?" என்றார்.

ஆகவே இங்கே இடம் விடுகிறேன். நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்:

"யாரு?"

"____________"

நான் திரும்பி வந்தபோது கண்டதை மட்டும் சொல்கிறேன். கழிப்பறைக் கதவு திறந்திருந்தது. தாஹிர் வெளியே நின்றார், ஒரு கையில் கால்சட்டை, ஒரு கையில் சாவி. ரசூல் அவரைத் தாண்டி அவசரமாக உள்ளே போனார். தாஹிர் கதவை மெதுவாகச் சாத்தினார். "நிம்மதியா இருங்க காக், யாரும் வர மாட்டாங்க" என்றார். பிறகு வெளியிலிருந்து பூட்டினார்.